ஓட்டுநர் எடுத்த படம்

அந்த அலுவலகத்தில் அவளை எல்லோரும் மாத்தக்கா என்றுதான் கூப்பிடுவார்கள். சினிமா எடுப்பது எப்படி, எடுத்த படத்தை ஓடவைப்பது எப்படி என்று யாரோ எழுதிய யோசனைகளைச் சொல்லுக்குச் சொல் மாற்றி, முதலாளியின் இணையதளத்தில் புதுக்கட்டுரையாகப் போடுவது அவள் வேலை. தொடர்ந்து மூன்று சொற்கள் மூலத்தோடு ஒத்துப்போனால் கணினி சிவப்புக் கோடு போட்டுக் காட்டிக்கொடுத்துவிடும். பதினோரு வருடம் இப்படியே ஓடிவிட்டது. வீட்டில்கூட "சோறு போடட்டுமா" என்று கேட்க வாயெடுத்தால் "அன்னம் இடட்டுமா" என்றுதான் வரும். கணவன் கையைக் கழுவிக்கொண்டு வந்து உட்கார்ந்துவிடுவான்.

ஒரு செவ்வாய்க்கிழமை, கடிகாரம் பழுதுபார்க்கும் ஒருவர் அச்செடுத்த தாள்களோடு வந்து நின்றார்.

"இதை எழுதினது யாரும்மா?"

"நான்தான். ஏன் சார்?"

"நீங்க சொன்னபடியே படம் எடுத்துட்டேன்."

தாளை வாங்கிப் பார்த்தாள். 'நல்ல இயக்குநரிடம் படத்தை ஒப்படையுங்கள்' என்றிருந்ததை, 'திறமையான ஓட்டுநரிடம் சித்திரத்தைக் கொடுத்துவிடுங்கள்' என்று மாற்றியிருந்தாள்.

"என் மச்சான் இருபது வருஷமா பஸ் ஓட்டுறார். அவர்கிட்டயே கொடுத்துட்டேன். மொதல்ல கூச்சப்பட்டார், அப்புறம் பிடிச்சுக்கிட்டார். என்ன, எல்லாரும் வந்து சேராம அடுத்த சீனுக்குக் கிளம்ப மாட்டேங்கிறார்."

"ஐயையோ."

"விளம்பரம்தான் இடுப்பை ஒடிச்சிருச்சு."

'சுவரொட்டிகளை ஒட்டுங்கள்' என்பது அவள் கையில் 'மதில்களோடு ஒட்டிக்கொள்ளுங்கள்' என்று ஆகியிருந்தது. நடிகர்கள் ஒன்பது பேரும் சந்தைக்கு எதிரே ஒரு மதிலில் முதுகை ஒட்டிக்கொண்டு நான்கு நாள் நின்றிருக்கிறார்கள். ஏன் நிற்கிறீர்கள் என்று கேட்டவர்களிடமெல்லாம் படத்தின் பெயரைச் சொல்லியிருக்கிறார்கள். கேட்டவர்கள் குடும்பத்தோடு வந்துவிட்டார்கள். மூன்றாவது வாரமாக அரங்கில் இடமில்லையாம்.

மாத்தக்காவுக்கு மறைக்க மனசு வரவில்லை. "சார், எனக்கு சினிமாவைப் பத்தி ஒண்ணுமே தெரியாது. யாரோ எழுதினதை வார்த்தை மாத்திப் போட்டேன், அவ்வளவுதான்."

அவர் காதில் அது ஏறவே இல்லை. "'வெளிச்சத்தைச் சேமித்து வையுங்கள்'னு ஒரு வரி இருக்கே? டப்பாவுலயா, பெட்டியிலயா? அடுத்த படத்துக்காக மச்சான் கேட்டுட்டு வரச் சொன்னார்."

'ஒளிப்பதிவு செய்யுங்கள்' என்பதைத்தான் அவள் அப்படி மாற்றியிருந்தாள்; தாளை மடித்து அவரிடமே நீட்டினாள். "டப்பாவுல," என்றாள்.

மறுநாள் அரைநாள் விடுப்பு எடுத்துக்கொண்டு அந்தப் படத்தைப் போய்ப் பார்த்தாள். கதை என்று பெரிதாக ஒன்றுமில்லை. நாயகன் காதலைச் சொல்ல வாயைத் திறந்தபோது தெருக்கோடியிலிருந்து ஒரு கிழவர் கையை ஆட்டிக்கொண்டு ஓடிவந்தார். படம் அப்படியே அவருக்காக நின்றது. அவர் வந்து சேர்ந்து, மூச்சு வாங்கி, ஓரமாக உட்கார்ந்த பிறகுதான் நாயகன் காதலைச் சொன்னான். அரங்கமே கைதட்டியது. மாத்தக்காவும் உள்ளங்கை சிவக்கத் தட்டினாள்.

அலுவலகத்துக்குத் திரும்பியதும் முதலாளி கூப்பிட்டார். சினிமா கட்டுரைகளுக்கு நல்ல வரவேற்பாம். அதனால் அவளை மருத்துவக் குறிப்புப் பகுதிக்கு மாற்றியிருந்தார்.

அவள் நின்ற இடத்திலேயே வேலையை விட்டுவிட்டாள்.

"ஏம்மா, நல்லாத்தானே மாத்துறே?" என்றார் முதலாளி.

"அதனாலதான் சார்."