பரிதா மேடத்தின் பிறைப்பாசி

பரிதா மேடம் காலமான செய்தியை அவருடைய மகள்தான் தொலைபேசியில் சொன்னார். நான் ஆய்வகத்தில் கண்ணாடித் தகடுகளைக் கழுவிக்கொண்டிருந்தேன். மிச்சமிருந்தவற்றையும் கழுவிவிட்டே புறப்பட்டேன். பதினெட்டு ஆண்டுகள் அவரிடம் உதவியாளனாக இருந்த பழக்கம் அது.

தாவரவியல் துறையில் அவருடன் இருந்த எங்கள் எல்லோருக்கும் குளோஸ்டீரியம் தெரியும். நுண்ணோக்கியில் மட்டுமே தெரிகிற நன்னீர்ப் பாசி. பச்சைப் பிறை போல வளைந்திருப்பதால் பிறைப்பாசி என்றே சொல்வார். அதன் இரு முனைகளிலும் பொடிப் படிகங்கள் ஓயாமல் நடுங்கும். நொய்யல் ஆற்றை ஒட்டிய ஒரு பாறைக்குழியில் அதை அவர் கண்டார். ஒவ்வொரு மழைக்குப் பிறகும் இருவரும் போய் நீர் எடுத்து வருவோம்.

ஓர் ஆண்டு சாயக்கழிவு கலந்து குழிநீர் கருஞ்சிவப்பாக இருந்தது. அடுத்த ஆண்டு பச்சையாகிவிட்டது. பக்கத்துச் சாயப்பட்டறைக்காரர் கல்லூரிக்கே வந்தார்.

“தண்ணி பச்சப்பசேல்னு இருக்குதுங்க மேடம். நல்ல தண்ணின்னு எழுதிக் குடுத்துருங்க.”

“இது சாக்கடையிலயும் வளர்ற பாசிங்க. நான் தேடுற பிறைப்பாசி நல்ல தண்ணியிலதான் இருக்கும், அது இதுல இல்லீங்க.”

அதையே அறிக்கையாக எழுதி அலுவலகங்களுக்கு அனுப்பினார். பதில் வரவில்லை. மூன்றாம் முறை அனுப்பியபோது குழியை மண் போட்டு மூடி, மேலே கிடங்கு எழுப்பியிருந்தார்கள். அதைப் பார்த்துவிட்டுப் பேருந்தில் திரும்பும்போது, “இல்லைன்னு எழுதி வெக்கறதுக்கும் ஒரு ஆள் வேணுமுங்க” என்றார்.

முன்பே எடுத்து வளர்த்ததில் ஒரு சீசா மட்டும் மிஞ்சியது. உடம்பு முடியாமல் மருத்துவமனைக்குப் போனபோது அதை என்னிடம் ஒப்படைத்தார். காய்ச்சி ஆற்றிய மழைநீர் மட்டும்தான் ஊற்ற வேண்டும். அது தீர்ந்த ஒரு நாள், சோம்பலில் குழாய்த் தண்ணீரை ஊற்றினேன். நான்கே நாளில் எல்லாம் வெளுத்துப்போயின. சொட்டுச் சொட்டாக எடுத்துப் பார்த்தேன். ஒன்றுகூட மிஞ்சவில்லை.

மறுநாள் அவரைப் பார்க்கப் போனேன். குரல் தேய்ந்திருந்தது.

“இருக்குதுங்களா?”

“இருக்குதுங்க மேடம்.”

“முனையில நடுங்குதுங்களா?”

“நடுங்குதுங்க.”

கண்களை மூடிக்கொண்டு தலையசைத்தார்.

நல்லடக்கம் முடிந்து கிளம்பும்போது மகள் அருகில் வந்தார். “சீசா உங்ககிட்டயே இருக்கட்டும்னு அம்மா சொன்னாங்கண்ணா. நீங்க பாத்துக்குவீங்களாம்.”

சரிங்க என்றேன். அவர் நினைவாக என்னிடம் இருப்பது அதுதான்: அவர் கையெழுத்தில் ஊரும் தேதியும் ஒட்டிய சீசா, உயிரில்லாத தண்ணீர், நான் சொன்ன பொய். தண்ணீரை இன்னும் கொட்டவில்லை.