யூதாஸாக நின்றவரின் பெயர் ஹேமேந்து

செவ்வாய்க்கிழமை காலை, நான் பராமரிக்கும் இத்தாலிய மூதாட்டி சிஞ்ஞோராவுக்குப் பால் சூடாக்கிக்கொண்டிருந்தேன். மேல்மாடியிலிருந்து ஹேமேந்து ஐயாவின் மகள் இறங்கி வந்து சமையலறை வாசலில் நின்றார். "அப்பா போய்விட்டார்" என்று இத்தாலியனில் சொன்னார். அடுப்பை அணைத்துவிட்டு அவரோடு மேலே போனேன். ஐயா மூக்குக்கண்ணாடியைக் கழற்றாமலே உறங்கியிருந்தார்.

பலெர்மோவில் நம் தமிழர்களுக்கு அவரை ஒரு வேடத்தில்தான் தெரியும். அதனால் மற்றதையும் நம் பங்குக் கோவில் இதழில் சொல்லவேண்டும். கிழக்கு வங்காளத்தில் ஓர் ஆற்றங்கரை ஊரில் பிறந்து, பிரிவினைக் காலத்தில் கல்கத்தாவுக்கு வந்தவர். இருபது வருடங்களுக்கு மேல் வங்காளப் படங்களில் நடித்தார்: குமாஸ்தா, வட்டிக்காரன், குடிகார மைத்துனன். சுவரொட்டியில் அவர் முகம் வந்ததில்லை. படங்கள் குறைந்தபின் எழுதத் தொடங்கினார். இரண்டு நாவல்கள், ஒரு கதைத்தொகுதி. எல்லாமே படப்பிடிப்பில் கூட்டமாக நிற்க வருகிறவர்களைப் பற்றியவை. "கதாநாயகனுக்குப் பின்னால் நிற்பவனுக்கும் வீட்டில் ஒரு பெயர் இருக்கும்" என்பார். மனைவி இறந்தபின், பொலிதேயாமா அரங்குக்கு அருகே நான் வேலை செய்யும் அதே கட்டடத்தில் மகளோடு வந்து தங்கினார். லிஃப்டில் ஆங்கிலத்தில் பேசத் தொடங்கிப் பழகினோம்.

போன தவக்காலத்தில் நம் பங்கில் யேசுவின் திருப்பாடுகளின் நாடகம் போட்டோம். வேடங்களைப் பிரிக்கும் பொறுப்பு எனக்கு. யேசுவாக நடிக்க நான்கு பேர் முன்வந்தார்கள். யூதாஸுக்கு ஒருவருமில்லை. கூட்டத்துக்கு வந்திருந்த அந்தோனி அண்ணையைக் கேட்டேன்.

"அந்தோனி அண்ணை, நீங்கள் செய்யுங்கோவன். உங்களுக்குக் குரல் இருக்குத்தானே."

"விசரே பிள்ளை? மன்னாரிலை ஒருக்காச் செய்த எங்கடை மாமாவைச் சாகுமட்டும் யூதாசு எண்டுதான் கூப்பிட்டவை. எனக்கு வீட்டிலை கலியாணத்துக்குக் குமர்ப்பிள்ளை இருக்கு."

"அப்ப ஆர்தான் செய்யிறது?"

"உம்மடை கட்டடத்திலை ஒரு வங்காள நடிகர் இருக்கிறார் எண்டனீர். அவரைக் கேளும். அவர் என்ன, எங்கடை ஆளே?"

எல்லோரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன்.

ஐயா உடனே சம்மதித்தார். தமிழ் வசனங்களை வங்காள எழுத்தில் எழுதி, சொல்லுக்குச் சொல் பொருள் கேட்டார். ஒருநாள், "யேசுவைக் காட்டிக்கொடுக்க முத்தமிடும்போது இவனுக்கு அவர்மேல் அன்பு இருந்ததா?" என்றார். பிரதியில் அப்படி ஒன்றுமில்லை என்றேன். "அப்படியானால் நடிகன்தான் சொல்லவேண்டும்." நாடகத்தன்று முத்தமிட்டபின் அவர் கை யேசுவின் தோளைவிட்டு எழவில்லை. சேவகர்கள் அதைப் பிடித்து விலக்கவேண்டியிருந்தது. பார்த்தவர்களுக்கு நினைவிருக்கும், மண்டபத்தில் குழந்தைகள்கூடச் சத்தமிடவில்லை.

உயிர்த்த ஞாயிறுக்கு மறுநாள் மொண்டெல்லோ கடற்கரையில் நம்மவர்கள் கூடியபோது அவரையும் அழைத்துப்போனேன். "ஜூதா! ஜூதா வாறார்!" என்று யூதாஸின் இத்தாலியப் பெயரைக் கூவிக்கொண்டு பிள்ளைகள் ஓடிவந்தார்கள். அவர் மேடையில்போலக் குனிந்து வணங்கினார். "பக்கத்திலை இருக்காதேங்கோ, காட்டிக்குடுத்துப்போடுவார்" என்றது ஒரு குரல். சிரிப்பு எழுந்தது. "பகிடிதானே, ஐயா கோவிக்கமாட்டார்" என்றார் அந்தோனி அண்ணை. ஒரு பாயிலும் யாரும் நகர்ந்து இடம்விடவில்லை. ஐயா கடதாசித் தட்டோடு நின்றபடியே சாப்பிட்டார். நான் சோறு பரிமாறிக்கொண்டிருந்தேன்.

திரும்பும் பேருந்தில் சொன்னார்: "எங்கள் படப்பிடிப்பில் காட்சி முடிந்ததும் யாராவது தேநீர் கொண்டுவந்து என் சொந்தப் பெயரால் கூப்பிடுவார்கள். அப்போதுதான் வேடம் இறங்கும். உங்கள் ஆட்கள் இன்னும் கூப்பிடவில்லை." பிறகு கேட்டார்: "நான் உங்கள் ஆள் இல்லை என்பதால்தானா இந்த வேடத்தைத் தந்தீர்கள்?"

"இல்லை, ஐயா. நீங்கள் நல்ல நடிகர் என்பதால்."

என்னை உற்றுப் பார்த்தார். "வசனம் சரி. முகம் சரியில்லை" என்றார். அதில் கோபம் இருக்கவில்லை. அதுதான் இன்றுவரை தாங்கமுடியாமல் இருக்கிறது.

அதன்பின் அவர் நாடகத்தைப் பற்றிப் பேசவில்லை. குளிர்காலத்தில் நெஞ்சுச்சளியோடு படுத்துவிட்டார். உண்மையைச் சொல்லிவிட வேண்டும் என்றுதான் ஒவ்வொரு முறையும் சூப்போடு படியேறினேன். ஒவ்வொரு முறையும் மழையைப் பற்றியும் மருந்தைப் பற்றியும் கதைத்துவிட்டு இறங்கினேன். கடைசியாகப் போனது ஞாயிற்றுக்கிழமை. நான் புறப்படும்போது, "இன்னும் கொஞ்சம் இருங்கள்" என்றார். சிஞ்ஞோரா தேடுவார் என்று வந்துவிட்டேன்.

அவரிடமிருந்து என்னிடம் எஞ்சியிருப்பது பேருந்தில் கேட்ட அந்தக் கேள்வி மட்டும்தான். அந்தோனி அண்ணையும் சிரித்த மற்றவர்களும் வாசிக்கும் இந்தப் பக்கத்திலேயே அதற்குப் பதில் எழுதுகிறேன்.

ஓம், ஐயா. அதுக்காகத்தான்.