சித்தி பேசிக்கொண்டிருந்த இரண்டு மணி நேரம்

என் மகள் ஜொகூரில் படிக்கிறாள். போன மாதம் ஒரு நாள் மத்தியானத்திலிருந்து அவள் கைப்பேசியை எடுக்கவே இல்லை. பொழுது சாயும் வேளையில் ஒரு குரல் செய்தி மட்டும் வந்தது: “மா, நான் ஓகேதான், அப்புறம் கூப்பிடுறேன்.” வேறொரு தாயாக இருந்தால் அத்துடன் நிம்மதியாகச் சோறு வடிக்கப் போயிருப்பாள். நான் அவளுடைய தோழிகள், விடுதிப் பொறுப்பாளர், அந்த ஊரில் தெரிந்த ஒரே டாக்சிக்காரர் என்று எல்லாரையும் கூப்பிட்டு ஊரைக் கூட்டிவிட்டேன். கடைசியில் பார்த்தால் நூலகத்தில் தூங்கிப் போயிருக்கிறாள்.

“என் குரலைக் கேட்டீங்கதானே மா? அப்புறம் என்ன?”

“குரல் வந்துச்சு. நீ எங்கடி இருந்தே?”

அவள் சிரித்தாள். எனக்கு அன்றிலிருந்து சரியாகத் தூக்கமில்லை. குரல் கேட்கிறது என்பதற்காக ஆள் அங்கே இருப்பதாக நம்பிவிடக்கூடாது. இதை நான் ஒன்பது வயதில் தெரிந்துகொண்டேன்.

அப்போது எங்கள் தீவு ஊரான ஜார்ஜ்டவுனில் ஒரு சின்னப் பண்பலை வானொலி நிலையம் இருந்தது. நிலையம் என்றால் லிட்டில் இந்தியாவை ஒட்டிய தெருவில், ஒரு பழைய கடைவீட்டின் மேல்மாடியில் இரண்டு அறைகள். கீழே ஒரு பாயின் சாப்பாட்டுக் கடை. எதிரொலி வராமலிருக்கச் சுவரெல்லாம் முட்டை அட்டைகளை ஒட்டியிருந்தார்கள். பேசும்போது மின்விசிறியை நிறுத்திவிட வேண்டும். அறிவிப்பாளர்கள் வேர்வையைத் துடைத்துக்கொண்டே, “உங்கள் மனதைக் குளிரவைக்க இதோ ஒரு பாடல்” என்பார்கள். ஃபெர்ரி சங்கு ஊதினால் அதுவும் சேர்ந்து ஒலிபரப்பாகும். கடலுக்கு அந்தக் கரையில் பட்டர்வொர்த் வரை நன்றாகக் கேட்கும். மலைக்கு அந்தப் பக்கம் பாலிக் புலாவில் வெறும் கரகரப்புதான். பல மொழிகளுக்கும் நேரத்தைப் பங்கு போட்டதில் தமிழுக்கு விழுந்தது மத்தியானம் இரண்டு மணியிலிருந்து நான்கு மணி வரை. ஞாயிற்றுக்கிழமைகளில் அந்த நேரம் என் சித்தியுடையது.

சித்தி மற்ற நாட்களில் அந்தக் கரையில் மாக் மண்டினில் ஒரு தொழிற்சாலையில் வேலை செய்தாள். அவளுக்கு நான்கு வயதிருக்கும்போதே பெற்றவர்கள் இறந்துபோனதால், அண்ணனான என் மாமாதான் தங்கைகள் இருவரையும் வளர்த்தார். மூத்தவள் என் அம்மா. அப்பாவுக்குச் சிங்கப்பூரில் வேலை என்பதால் நாங்களும் ஜார்ஜ்டவுனில் மாமா வீட்டில்தான் இருந்தோம். மாமாவின் வீட்டில் பெண்கள் தனியாக வெளியே போவது கிடையாது. சித்தியைத் தொழிற்சாலை பஸ் வாசலில் ஏற்றி வாசலிலேயே இறக்கிவிடும். வானொலி நிலையத்துக்குப் போகும்போது துணைக்கு நான். ஒன்பது வயதுப் பிள்ளை எப்படித் துணையாவாள் என்று யாரும் கேட்டதில்லை.

அந்த வருஷம் சித்திக்கு ஒரு வரன் வந்தது. சுங்கை பட்டாணியில் இரும்புக்கடை, சொந்த வீடு, இறந்துபோன முதல் மனைவி. சித்தி வேண்டாம் என்றாள். அழுது பார்த்தாள். ஒரு நாள் யாரிடமும் சொல்லாமல் கிளம்பியும் போனாள். பட்டர்வொர்த் பஸ் நிலையத்தில் மாமா பிடித்துக் கூட்டிவந்து அடித்தார். அடுத்த அறையில் இருந்த எனக்கு அந்த அடி கேட்டது. அதற்குப் பிறகு சித்தி கல்யாணத்தைப் பற்றி வாய் திறக்கவில்லை. அதை மாமா சம்மதம் என்று எடுத்துக்கொண்டார். ஒரு ஞாயிற்றுக்கிழமை ஐந்து மணிக்குப் பூ வைக்க வருவதாக ஏற்பாடாயிற்று. கல்யாணத்துக்குப் பிறகு ரேடியோ கிடையாது என்பது மாப்பிள்ளை வீட்டார் கேட்காமலே மாமா கொடுத்த வாக்கு.

அதற்கு முந்தின வெள்ளிக்கிழமை சாயங்காலம் சித்தி என்னை நிலையத்துக்கு அழைத்துப்போனாள். பாட்டு எடுத்து வைக்க என்று வீட்டில் சொல்லியிருந்தாள். பேசும் அறைக் கண்ணாடிக்கு அந்தப் பக்கம் உட்கார்ந்து மைக்கில் பேச ஆரம்பித்தாள். “நேரம் இப்போது இரண்டு மணி பதினைந்து நிமிடம்.” சுவர்க் கடிகாரத்தில் மணி ஏழாகப் போகிறது. நான் கதவைத் திறந்து, “சித்தி, மணி தப்பு!” என்று கத்திவிட்டேன். டேப்பை ஓட்டும் அண்ணன் தலையில் கைவைத்துக்கொண்டார்.

“போச்சு. உன் குரலும் ஏறிடுச்சு. இனி முதல்லேருந்துதான்.”

“இவ சொன்னா யாரு கேக்கப் போறாங்க, விடுங்க அண்ணே,” என்றாள் சித்தி. இருந்தாலும் மறுபடி பதிவு செய்தார்கள். விசேஷம் ஏதாவது இருந்தால் அறிவிப்பாளர்கள் இப்படி முன்கூட்டியே பேசி வைத்துவிட்டுப் போவது அங்கே வழக்கம்தான். டேப்பை ஓடவிட ஒருவர் இருந்தால் போதும். பிறந்தநாள் வாழ்த்துகளை மளமளவென்று படித்த சித்தி, “அடுத்த ஞாயிறு சந்திப்போம்” என்ற இடத்தில் மட்டும் மூன்று தடவை தடுமாறினாள். வாரா வாரம் சொல்லும் வரிதானே என்று எனக்குச் சிரிப்பாக வந்தது. வெளியே வரும்போது, இதை மாமாவிடம் சொல்லாதே என்று சித்தி என்னிடம் சொல்லவில்லை. வீட்டில் என் பேச்சை யாரும் காதில் போட்டுக்கொள்வதில்லை என்பது அவளுக்குத் தெரியும்.

ஞாயிறன்று மாமாவே எங்களை வேனில் ஏற்றிக்கொண்டு வந்தார். நிகழ்ச்சி முடிந்ததும் கையோடு அழைத்துப்போக வேண்டும். சித்தியின் பையை மாடிப்படி வரை அவரே தூக்கிவந்தார்.

“என்னடி இவ்ளோ கனம்?”

“பாட்டு டேப்புண்ணே.”

நான் வழக்கம்போல் மேலே ஏறப்போனேன். “இன்னிக்கு வேணாம் லா. கீழ இரு. மாமா ஐஸ் கச்சாங் வாங்கித் தருவாரு,” என்று சித்தி என் தலையில் கைவைத்துவிட்டுப் போனாள். நானும் மாமாவும் படிக்கட்டைப் பார்த்த மேசையில் உட்கார்ந்தோம். இரண்டு மணிக்குக் கடை வானொலியில் சித்தியின் குரல் வந்தது.

“என்னண்ணே, தங்கச்சி மேல, அண்ணன் கீழ காவலா?” என்றார் பாய், தேநீரை இழுத்து ஆற்றிக்கொண்டே.

“காவலா? சாயந்திரம் பூ வைக்க வராங்க பாய். கல்யாணம் ஆனா இதெல்லாம் ஏது?”

“அப்போ இனி யாரு பேசுவா? நீங்களா? உங்க குரலுக்கு மரண அறிவித்தல்தான் சரிப்பட்டு வரும்!”

மாமா உரக்கச் சிரித்தார். “நேரம் இப்போது இரண்டு மணி பதினைந்து நிமிடம்,” என்றாள் சித்தி. கடை கடிகாரத்திலும் அதே நேரம். எனக்கு ஆச்சரியமாக இருந்தது.

“மாமா, இது சித்தி அன்னிக்கே பேசினது.”

“ஷ். கேக்க விடு லா. எவ்ளோ அழகா பேசுறா பாரு.”

சீவிய ஐஸில் சிவப்புப் பாகு ஊற்றிய ஐஸ் கச்சாங் வந்ததில் எனக்கும் மறந்துபோனது. கடைசியில் “அடுத்த ஞாயிறு சந்திப்போம்” என்பது ஒரு பிசிறும் இல்லாமல் வந்தது. மாமா பணத்தைக் கொடுத்துவிட்டு எழுந்து நின்றார். படிக்கட்டில் யாரும் இறங்கவில்லை. சற்று நேரம் பார்த்துவிட்டு என்னையும் இழுத்துக்கொண்டு மேலே ஏறினார்.

கண்ணாடி அறை இருட்டாக இருந்தது. டேப்பைச் சுற்றிக்கொண்டிருந்த அண்ணன் நிமிர்ந்து பார்த்தார். “தங்கச்சியா? அவங்க வெள்ளிக்கிழமையே பேசி வச்சிட்டாங்களே. வீட்டுல விசேஷம்னு சொன்னாங்க. ரெண்டு மணிக்கு முன்னாடி வந்து தலைய காட்டிட்டுப் பின்பக்கப் படியில எறங்கிப் போனாங்க.”

“நான் கீழதானே உக்காந்திருந்தேன்,” என்றார் மாமா. அதையே இன்னொரு முறையும் சொன்னார்.

ஃபெர்ரி ஏறி பட்டர்வொர்த்துக்குப் போனோம். மாமா என் மணிக்கட்டைப் பிடித்தபடி பஸ் பஸ்ஸாக ஏறி இறங்கினார். சன்னலோரம் தூங்கிக்கொண்டிருந்த பெண்களின் முகத்தையெல்லாம் குனிந்து பார்த்தார். ஒருத்தி திட்டினாள். ரயில் நிலையத்தையும் பார்த்தோம். சித்தி இல்லை.

பிறகும் அவள் கிடைக்கவில்லை. கோலாலம்பூரில் பார்த்ததாக ஒருவர் சொன்னார், சிங்கப்பூரில் என்றார் இன்னொருவர். அப்பா அங்கே விசாரித்துப் பார்த்துவிட்டு இல்லை என்றார். யாரோடோ ஓடிவிட்டாள் என்றது ஊர். அந்த யாரோ ஒருவனை யாரும் கண்டதில்லை. போலீஸில் கொடுத்த புகார் என்ன ஆயிற்று என்றும் தெரியாது. அம்மா பல வருஷம் வானொலியின் முள்ளைத் திருப்பித் திருப்பி, வெளியூர் நிலையங்களில் அந்தக் குரல் வருகிறதா என்று தேடினாள். நிலையமும் நிலைக்கவில்லை. தமிழ் நேரம் ஒரு மணியாகக் குறைந்தது, பிறகு எல்லா நிகழ்ச்சியும் தலைநகரிலிருந்தே வந்தது, அதற்கும் பிறகு மூடிவிட்டார்கள். இப்போது அந்த மாடியில் வெள்ளைக்காரப் பயணிகள் தங்குகிறார்கள். சித்தி எங்காவது நன்றாக இருக்கிறாள் என்று என் இருபது வயதில் நான் உறுதியாக நம்பினேன். எனக்கென்று ஒரு பெண் பிறந்த பிறகு அந்த உறுதி போய்விட்டது.

அன்று நாங்கள் திரும்பிவந்த ஃபெர்ரியில் கூட்டமில்லை. வீட்டில் பூவோடு வந்தவர்கள் காத்துக்கொண்டிருப்பார்கள். மாமா கம்பிப் பக்கத்து இருக்கையில் உட்கார்ந்து கடலைப் பார்த்தார். இன்னும் என் மணிக்கட்டை விடவில்லை. அவர் கை நடுங்கிக்கொண்டிருந்தது. சித்தி கையில் கிடைத்தால் இந்தக் கைதான் அவளை அடிக்கும், அதற்குத்தான் இப்போதே துடிக்கிறது என்று நினைத்துக்கொண்டேன்.

பாதிக் கடலில் என் பக்கம் திரும்பினார்.

“காலையில சித்தி சாப்பிட்டாளா?”

“மைலோ மட்டும் குடிச்சாங்க மாமா.”

தலையாட்டினார். கொஞ்ச நேரம் கழித்து மறுபடி கேட்டார்.

“சுவெட்டர் எடுத்துட்டுப் போனாளா? தூர பஸ்ல ஏர்கோன் ரொம்பக் குளிரும்.”

தெரியவில்லை என்றேன். அடிக்கப்போகிறவருக்கு அவள் குளிரைப் பற்றி என்ன கவலை என்று எனக்கு அப்போது விளங்கவில்லை.