அம்மாவிடம் பாட்டு எடுக்க வந்தவர்கள்

அக்கா பேராதனைக் கம்பஸுக்குப் படிக்கப் போனபோது தன் கணினியை வீட்டில் விட்டுப் போனாள். போகும் முன் அதில் பாட்டுகளைப் பகிரும் மென்பொருள் ஒன்றைப் போட்டு, பழைய பாட்டுகளைத் தேடி எடுப்பது எப்படி என்று அம்மாவுக்குக் காட்டிக் கொடுத்தாள். தான் இல்லாத வீட்டில் அம்மாவுக்குப் பொழுது போகட்டும் என்று நினைத்திருப்பாள். பொழுது போனது உண்மைதான். கூடவே சோறு குழைந்தது, பருப்பு அடிப்பிடித்தது.

எனக்கு அப்போது பத்து வயது. துறைமுகப் பக்கம், ஓர்ஸ் ஹில்லில் எங்கள் வீடு. அப்பாவுக்குத் துறைமுகத்தில் இழுவைப் படகில் வேலை. காலையில் போனால் பொழுதுபடத்தான் வருவார். நான் பள்ளிக்கூடம் விட்டு வரும்போது அம்மா கணினிக்கு முன்னால் கதிரையில் இருப்பார். "நாற்பத்தேழு வீதம் வந்திட்டுது பிள்ளை" என்பார், நான் சப்பாத்தைக் கழற்றும் முன்பே. பாட்டு முழுதாக வந்து சேர்ந்தபின் அதை இருந்து கேட்பார் என்று நினைத்துவிடக்கூடாது. முதல் இரண்டு வரி ஓடும். சரியான பாட்டுத்தான் என்று தெரிந்ததும் அடுத்ததைத் தேடத் தொடங்கிவிடுவார்.

திரையின் மேல்பாதியில் நாங்கள் எடுக்கும் பாட்டுகள் தெரியும். கீழ்ப்பாதியில், எங்கள் கணினியிலிருந்து வேறு யாரோ எடுப்பவை. அந்த ஆட்கள் எந்த ஊர், என்ன பெயர் என்று தெரியாது; எழுத்தும் எண்ணும் கலந்த புனைபெயர்கள் மட்டும். போகப்போக அம்மாவின் கண் கீழ்ப்பாதியிலேயே நின்றது. ஒரு ஞாயிற்றுக்கிழமை அப்பா கணினியை நிறுத்தப் போக, அம்மா பதறிவிட்டார்.

"நிப்பாட்டாதேங்கோ! ஆரோ எடுத்துக்கொண்டிருக்கினம். சாப்பிட்டுக்கொண்டிருக்கிற ஆளை அரைவாசியில எழுப்பலாமே?"

அப்பா சிரித்துக்கொண்டே துவாயைத் தோளில் போட்டுக் குளிக்கப் போனார்.

ஒருவரும் வராத நாட்களில் அம்மாவின் முகம் வாடிப் போகும். அப்படியொரு நாள், அம்மா குசினியில் மீன் வெட்டிக்கொண்டிருந்த நேரம், நான் மென்பொருளைக் கிண்டிப் பார்த்தேன். எதையெல்லாம் பிறருக்குக் கொடுக்கலாம் என்று கேட்கும் ஒரு பக்கம் உள்ளே ஒளிந்திருந்தது. பாட்டுகளுக்கு மட்டுமே சரி போட்டிருந்தது. நிறையக் கொடுத்தால் நிறையப் பேர் வருவார்கள்தானே? கணினியில் இருந்த எல்லாவற்றுக்கும் சரி போட்டேன்.

வந்தார்கள். மறுநாளே கீழ்ப்பாதியில் ஏழெட்டுப் பேர். அம்மா அன்று கேசரி கிண்டினார். காரணம் தெரிந்தவள் என்ற பெருமையோடு நான் இரண்டு தரம் வாங்கிச் சாப்பிட்டேன்.

நாலாம் நாள் பின்னேரம் திரையில் சின்னப் பெட்டி ஒன்று திறந்தது. பாட்டு எடுக்க வந்த ஒருவர், தமிழை ஆங்கில எழுத்தில் எழுதியிருந்தார். அம்மா எழுத்துக்கூட்டி வாசித்தார்.

"பாட்டுத் தேடி வந்தனான். உங்கட பாஸ்போர்ட், அடையாள அட்டை, ஒரு பிள்ளையின்ர படங்கள் எல்லாம் இதில தெரியுது. வேற ஆக்களும் எடுக்கினம். உடனே மூடுங்கோ."

அம்மா சுவரிலிருந்த பிளக்கையே பிடுங்கிவிட்டுத் தரையில் இருந்துவிட்டார். அக்காவின் கம்பஸ் பதிவுக்காக ஸ்கான் பண்ணிய பத்திரங்கள், அவள் சேலை உடுத்து எடுத்த படங்கள், எல்லாம் அந்தக் கணினியில்தான் இருந்தன. "என்ர பிள்ளையின்ர படம்" என்று மட்டும் திரும்பத் திரும்பச் சொன்னார். பிறகு நிமிர்ந்து, கதவைப் பிடித்துக்கொண்டு நின்ற என் முகத்தை ஒரு கணம் பார்த்தார்.

அப்பா வந்ததும் எல்லாம் வெளியே வரும் என்று வாசலையே பார்த்துக்கொண்டிருந்தேன். வந்தார். அம்மா சொன்னார். "நான்தான் கண்டறியாத இடத்தில எதையோ அமத்திப்போட்டன்." அப்பா அம்மாவின் மேல் சத்தம் போட்டதை அன்றுதான் முதலில் கேட்டேன். தொலைபேசியில் அக்காவிடமும் அம்மா அதையேதான் சொன்னார். அக்கா அழுதது எனக்கும் கேட்டது.

மறுநாள் அப்பாவின் நண்பர் ஒருவர் வந்து மென்பொருளை அழித்தார். "போனதைத் திருப்பி எடுக்க ஏலாது. இனிப் போகாது, அவ்வளவுதான்" என்றார். அந்தப் படங்கள் யாரிடம் போயின என்று இன்றுவரை தெரியாது. நல்லகாலம், நாங்கள் அறிய ஒரு கெடுதலும் வரவில்லை. கணினியில் மிஞ்சியிருந்த பாட்டுகளை அம்மா அதன்பிறகு முழுதாகக் கேட்கத் தொடங்கினார்.

அப்பா சத்தம் போட்டு ஓய்ந்த அன்றிரவு எங்களுக்கு இடியப்பமும் சொதியும். எனக்குப் பசித்தது. தப்பிவிட்டேன் என்ற நிம்மதியில் நன்றாகவே சாப்பிட்டேன். அம்மாவே எதையோ தவறி அமத்தியிருப்பார் என்றுகூட நம்பத் தொடங்கியிருந்தேன். தேடுவதும் எடுப்பதும் தவிர அந்த மென்பொருளில் அம்மாவுக்கு வேறொன்றும் தெரியாது என்பது என் நினைவுக்கே வரவில்லை.

அம்மா இன்னொரு இடியப்பத்தை என் சாப்பாட்டுக் கோப்பையில் வைத்தார்.

"இனி ரெண்டு பேரும் தெரியாத ஒண்டையும் அமத்துறேல்லை. என்ன, பிள்ளை?"

"ஓம்" என்றேன், வாயில் இடியப்பத்தோடு. அந்த "ரெண்டு பேரும்" என் காதில் விழவே இல்லை.