அவுரிக்குத் தண்ணீர் விட்டவர்

கம்பத்துக்காரர்களுக்குத் தண்ணீர் இருக்கிறது என்கிற கொழுப்பு உண்டு. நான் மயிலாடும்பாறைப் பக்கத்தில் பிறந்தவள். அந்தக் கொழுப்பு வைக்க எங்களுக்கு வழியில்லை. இங்கே வாழ்க்கைப்பட்டு வந்து இத்தனை வருடமாகியும், வாய்க்காலில் தண்ணீர் வீணாக ஓடினால் எனக்குப் பொறுப்பதில்லை. ஒன்பதாவதில் பாதியில் நின்றவள் பேச்சு இந்த வீட்டில் எடுபடாது. பத்தாவது மூன்று தரம் எழுதியும் தேறாத என் கொழுந்தனார் பேச்சு எடுபடும்.

என் வீட்டுக்காரர் கேரளத்து ஏலத்தோட்டங்களுக்குக் கூலியாட்களை ஏற்றிப்போகிற ஜீப் ஓட்டுகிறார். விடியுமுன் மலையேறினால் இருட்டும்போதுதான் இறங்குவார். பனிமூட்டம் இறங்கினால் முன்னால் போகிற வண்டியே தெரியாது என்று ஒருநாள் சிரித்துக்கொண்டே சொன்னார். அன்றிலிருந்து எனக்குச் சோறு இறங்கவில்லை. போன் அடித்தால் பயம், அடிக்காவிட்டால் அதைவிடப் பயம். அவரை அந்த ஜீப்பிலிருந்து இறக்க வேண்டும். என் நினைப்பெல்லாம் அது ஒன்றுதான்.

அதற்கு, எங்கள் பங்காக வந்த மலையடிவாரத்து நிலத்தில் ஏதாவது விளைய வேண்டும். அதில் மேல்பாதி சரளை. கீழ்ப்பாதி கொழுந்தனாரின் வாழைத்தோப்பை ஒட்டிய பள்ளம்.

"ஒரு வெள்ளாமைய உருப்படியா எடுத்துக் காட்டு. வண்டிய விட்டுட்டு வந்துர்றேன்" என்றார் வீட்டுக்காரர்.

நான் அவுரி விதைத்தேன். எங்கள் ஊர்ப் பக்கம் மானாவாரியாகப் போடுவார்கள். ஆடு மாடு வாய் வைக்காது. பெய்கிற மழையே போதும். காய்ந்த இலையை நீலச் சாயத்துக்கும் மருந்துக்கும் வியாபாரி வந்து வாங்கிப்போவார்.

"சுடுகாட்டோரம் மொளைக்கிறதப் போயி வெதச்சிருக்கா" என்று பக்கத்துக் காட்டுக்காரி என் காதுபடவே சொன்னாள். செடி இடுப்பளவு வந்ததும் அவளே துணிப்பையோடு வந்து நின்றாள்.

"ரெண்டு கை எல குடு ஆத்தா. மருதாணி போட்டுட்டு அதுக்கு மேல பூசுனா தல கருகருன்னு வருமாம். போன்ல பாத்தேன்."

"சுடுகாட்டோரம் பறிச்சுக்கங்க."

"அங்கன போகப் பயமா இருக்குத்தா."

பறித்துக்கொள்ளட்டும் என்று விட்டேன். தலை கறுத்தால் வயசு போய்விடும் என்று நம்புகிறவளோடு எனக்கென்ன பேச்சு?

கவலைப்படுவதில் நான் குறை வைக்கவில்லை. புழு விழுமோ, காயப்போடுகிற நாளில் மழை பிடிக்குமோ, வியாபாரி வராமலே போவாரோ என்று ஒவ்வொன்றுக்கும் தூக்கம் கெட்டேன். கொழுந்தனாரின் நல்ல மனதை நினைத்துக் கவலைப்படத்தான் தோன்றாமல் போயிற்று.

அறுப்பு நெருங்கும்போது என் அம்மா வீட்டுப் பக்கம் ஒரு சாவு. நானும் வீட்டுக்காரரும் போய்க் காரியம் வரைக்கும் இருந்துவிட்டு வந்தோம். வந்து பார்த்தால் என் கீழ்ப்பாதி முழுக்கத் தண்ணீர் நிற்கிறது. வாழைக்குப் பாய்ச்சும்போதெல்லாம் கொழுந்தனார் என் மடையையும் திறந்துவிட்டிருக்கிறார்.

"ஏன் தொறந்தீக?" என்றேன்.

"வாடிக் கெடந்துச்சு மதினி. பாத்துட்டுப் பேசாமப் போகச் சொல்றீகளா?"

"மத்தியான வெயில்ல எல சுருங்கும். சாயங்காலம் நிமிந்துக்கிரும்."

"தண்ணிய வச்சுக்கிட்டு ஒரு செடியக் காயப் போடுறது பாவம். ஒங்க ஊர்ல இல்ல, காயப் போட்டீக. இங்கன என்ன கொறச்சல்?"

"தண்ணி ஆகாதுன்னு வெதைக்கையிலேயே சொன்னேன்ல?"

"நீங்க எதத்தான் ஆகும்னு சொன்னீக? மழ பேஞ்சா ஆகாது, அண்ணன் மலையேறுனா ஆகாது. எதக் கேக்குறது, எத விடுறது?"

வாழைத்தார் வெட்ட வந்தவர்கள் சிரித்தார்கள். அவரும் அவர்களோடு சேர்ந்து சிரித்தார். ஒரு செடிக்குத் தண்ணீர் வேண்டாம் என்றால் இந்த ஊர்க்காரர்களால் நம்ப முடியாது. அதைத் தங்களுக்கு நேர்ந்த அவமானமாகவே எடுத்துக்கொள்வார்கள்.

வேர் அழுகி, இலை மஞ்சளாகிக் கொட்டிப்போயிற்று. வியாபாரி வந்தபோது கீழே இறங்கிப் பார்க்கக்கூட இல்லை. "மேட்டுல உள்ளத மட்டும் கட்டுங்கம்மா" என்றார். ஜீப்பை விட்டுவிட்டு வர அது போதாது என்று எனக்கு யாரும் சொல்ல வேண்டியிருக்கவில்லை.

"விடுத்தா. தம்பி தெரியாமச் செஞ்சுட்டான்" என்றார் வீட்டுக்காரர். அவ்வளவுதான். கொண்டை ஊசி வளைவில் எதிரே வருகிற லாரியைப் பின்னுக்குப் போகவைக்கிற மனிதருக்கு, 'மடையத் தொடாத' என்று தம்பியிடம் சொல்ல வாய் வரவில்லை. தம்பியைப் பார்க்கிற கண்ணாலேயே அன்று அண்ணனையும் பார்த்தேன்.

மேட்டில் அறுத்த கட்டைகள் ஒரு மழைக்குத் துளிர்த்துவிடும். மறுநாள் அவர் வழக்கம்போல மலையேறிப் போனார். நான் சிமெண்டும் மணலும் குழைத்து என் மடை வாயைக் கல் வைத்து அடைத்தேன். கொழுந்தனார் இடுப்பில் கை வைத்துக்கொண்டு பார்த்தார்.

"நல்லாத்தான் பூசுறீக. இதுக்காவது தண்ணி ஊத்துவீகளா மதினி?"

"இதுக்கு ஊத்துவேன்" என்றேன். அவருடைய வாய்க்காலிலேயே வாளியை முக்கி, அவர் நிற்கும்போதே ஊற்றினேன். பிறகு கையைச் சேலையில் துடைத்துக்கொண்டு, போன் அடித்திருக்கிறதா என்று எடுத்துப் பார்த்தேன்.