மூன்றாவது வரிசையில் ஒரு முகம்

நடனம்தான் வேண்டும் என்று அப்பாவோடு சண்டை போட்டுக்கொண்டு லிஃப்ட் மெக்கானிக்கின் தங்கை வீட்டைவிட்டுப் போய்ப் பல வருடமாகிறது. போன் இல்லை, முகவரி இல்லை. திடீரென்று ஒருநாள் அவன் மச்சான் கூப்பிட்டான்.

“ஒரு ஹிந்திப் படப் பாட்டுல பின்னாடி ஆடுற பொண்ணு நம்ம சின்னவ மாதிரியே இருக்கு. லிங்க் அனுப்புறேன், பாரு.”

வேலையை நிறுத்திவிட்டு லிஃப்ட் கூண்டின் மேலேயே உட்கார்ந்து திறந்தான். தியேட்டரில் யாரோ திருட்டுத்தனமாக எடுத்த படம். ஆடுகிறவர்களின் முகமெல்லாம் கரைந்த மாவாகத் தெரிந்தது. பெரிதாக்கினால் இன்னும் மோசம். அதற்குள் விளம்பரங்கள் ஒன்றன்மேல் ஒன்றாக விழுந்து போன் உறைந்துபோனது.

“கண்ட லிங்கையும் தட்டி போனுக்குப் பேதி வர வச்சிட்டீங்க,” என்றாள் மனைவி, அவன் சாயங்காலம் வீட்டுக்கு வந்ததும். “முறையா வர்ற எடத்துல பாப்போம்.”

அவள் போனில் முதல் செயலியைத் திறந்தார்கள். ‘உங்கள் நாட்டில் கிடைக்காது.’ இரண்டாவதில் முன்னோட்டம் மட்டும்தான். அவன் அறைக்குள் குறுக்கும் நெடுக்கும் நடந்தான். அம்மா காய் நறுக்குவதை நிறுத்தியிருந்தாள். அப்பா பேப்பருக்குப் பின்னால் இருந்தார். பக்கம் மட்டும் திரும்பவேயில்லை.

மனைவி, படத்தைத் தயாரித்த கம்பெனியின் பக்கத்துக்கே போனாள். எங்கெங்கே அனுமதியோடு பார்க்கலாம் என்று அதில் இருந்தது. அவற்றில் ஒன்றில் வாடகைக்குக் கிடைத்தது. இருப்பதிலேயே உயர்ந்த தரத்தைத் தேர்ந்தெடுத்து டிவியில் போட்டாள்.

பாட்டு வந்தது.

“நிறுத்துடா!” அம்மா எழுந்துவிட்டாள்.

மூன்றாவது வரிசை. சின்ன வயதில் விழுந்து தாடையில் வாங்கிய தழும்புகூடத் துல்லியமாகத் தெரிந்தது.

“கடைசியில பேரெல்லாம் போடுவாங்கல்ல, அதையும் பாரு,” என்றார் அப்பா. பேப்பரை மடித்துக் கீழே வைத்தார்.

நடனக் குழுவின் பெயர் வந்தது. தேடி, அவர்கள் எண்ணைப் பிடித்தான். போனை எடுத்த பெண் கறாராகச் சொன்னாள்: “நம்பரெல்லாம் தரமாட்டோம். நீங்க கூப்பிட்டீங்கன்னு அவங்ககிட்ட சொல்றோம். பேசுறதும் பேசாததும் அவங்க இஷ்டம்.”

மறுநாள் சாயங்காலம் அவன் போன் அடித்தபோது, எல்லோரையும் முந்திக்கொண்டு அப்பா எடுத்தார்.

“அண்ணா?” என்றது மறுமுனை.

“நான்தாம்மா,” என்றார்.

வைத்துவிட்டாளோ என்று அவன் அப்பாவின் முகத்தையே பார்த்தான்.

“அம்மாகிட்ட குடுங்க,” என்றாள் கடைசியில். “உங்ககிட்ட அப்புறமா பேசுறேன்.”

அப்பா தலையாட்டிக்கொண்டே போனை அம்மாவிடம் நீட்டினார்.