மூட்டுக்குள் விட்ட பூச்சி

பூச்சியை நசுக்கிய விரலில் அழுகிய கொத்தமல்லித் தழையைப் போல ஒரு வாடை அடிக்கும். எத்தனை முறை மண்ணில் தேய்த்துக் கழுவினாலும், சோற்றை வாயருகே கொண்டுபோகும்போது அது மறுபடி எழும். இப்போது எல்லாரும் மூட்டைப்பூச்சி என்கிற அதை எங்கள் வீட்டில் ‘மூட்டுப்பூச்சி’ என்றுதான் சொன்னோம். கட்டிலின் காலும் சட்டமும் சேருகிற மூட்டுக்குள் குடியிருப்பதால் வந்த பேர் என்பாள் அம்மா. நான் ஐந்தாம் வகுப்புக்கு மேல் படித்தவனில்லை. ஆனாலும் அது சரியென்று என் விரல் நகங்களுக்குத் தெரியும்.

ஸ்ரீவில்லிபுத்தூரில் வாழ்க்கைப்பட்ட அக்கா, புருஷன் ரத்தமாக இருமிச் செத்த பிறகு, சீதனமாகக் கொண்டுபோன கயிற்றுக் கட்டிலோடு ராஜபாளையத்துக்கே திரும்பி வந்தாள். எனக்கு அப்போது பத்து வயது. வந்த மாதமே அவளும் இருமத் தொடங்கினாள். அம்மாவின் கோபமெல்லாம் கட்டிலின் மேல் விழுந்தது.

“மாப்பிள்ளை ரத்தத்தக் குடிச்ச பூச்சி இவளக் கடிச்சா, அவிய நோவு இவளுக்கு ஏறாதா? ஏலே, மூட்டு மூட்டாப் பாரு. பூச்சி ஒழிஞ்சாத்தான் இருமல் நிக்கும்.”

வைத்தியரிடம் கூட்டிப்போகலாம் என்று அப்பா சொன்னபோது, “மொதல்ல கட்டில் சுத்தமாகட்டும், பொறவு பாப்போம்” என்றாள்.

தினமும் உச்சிவெயிலில் கட்டிலை முற்றத்தில் கவிழ்த்துப் போட்டு, அம்மா கொதிநீர் ஊற்ற, நான் விளக்குமாற்றுக் குச்சியால் மூட்டுகளைக் குடைவேன். தெருவில் ஒருவரும் அண்டாத அக்கா சுவரோரம் உட்கார்ந்து சிரிப்பாள்.

“அம்புட்டையும் கொன்னுராதலே. பேச்சுத்துணைக்கு ஒண்ணையாவது விட்டு வையி. அது ஒண்ணுதான் என் பக்கத்துல வருது.”

மூன்றாம் வாரம் தலைமாட்டு மூட்டில் ஒன்றே ஒன்று தென்பட்டது. குச்சியை வெளியே இழுத்துக்கொண்டு அதை விட்டுவிட்டேன். “அம்புட்டும் போச்சும்மா” என்றேன். அம்மா வானத்தைப் பார்த்துக் கும்பிட்டாள். இனி வைத்தியர் எதற்கு என்று இருந்துவிட்டார்கள். பதினைந்தே நாளில் அக்கா அந்தக் கட்டிலிலேயே ரத்தம் கக்கிக் கண்மூடினாள். கட்டிலையும் சுடுகாட்டுக்குக் கொண்டுபோய் எரித்தார்கள். தலைமாட்டு மூட்டு எரிந்து விழும்வரை நான் நகரவில்லை.

அந்த நோவு இருமலில் பரவுவது, பூச்சியால் வருவதில்லை என்று பல வருஷம் கழித்து ஒரு டாக்டர் சொன்னார். அதுவரை, நான் விட்ட பூச்சிதான் அவளைக் கொன்றது என்று யாரிடமும் சொல்லாமல் நம்பியிருந்தேன். டாக்டர் சொன்னதை அம்மாவிடம் சொல்லவில்லை. பூச்சியின் மேல் பழி இல்லையென்றால், வைத்தியரிடம் போகாமல் காத்திருந்த அந்த மூன்று வாரம்தான் அம்மாவுக்கு மிஞ்சும்.

இப்போது என் வீட்டில் இருப்பது இரும்புக் கட்டில். மூட்டுகளைப் பற்றவைத்து அடைத்திருக்கிறார்கள். பூச்சியும் இல்லை, அந்தப் பேரைச் சொல்ல அம்மாவும் இல்லை. மூட்டைப்பூச்சி மூட்டைக்குள்ளிருந்தா வரும் என்று என் மகன் கேட்டான். ஆமாம் என்று சொல்லிவிட்டேன்.